சுறா புட்டுக்கு ஓகே... சுறா பீலிக்கு மட்டும் ஏன் தடை? சட்டம் என்ன சொல்லுது?

சுறா புட்டு நம்ம ஊர்ல ஓட்டல் வரைக்கும் வந்தாச்சு. மீன் மார்க்கெட்டிலும் பால் சுறா வெளிப்படையாகவே விற்கப்படுகிறது. ஆனால், அதே சுறாவின் பீலியை, அதாவது துடுப்பை, காயவைத்து வெளிநாட்டுக்கு அனுப்பினால் குற்றம். ஏன் இந்த வித்தியாசம்?

பீலிக்கு ஏன் இவ்வளவு கிராக்கி?

சீன விருந்துகளில் சுறா பீலி சூப் ஓர் அந்தஸ்து அடையாளம். பீலிக்கு என்று பெரிய ருசி கிடையாது. நார் நாராக இருக்கும் அதன் பதம்தான் விசேஷம், ருசி எல்லாம் சூப்பில் சேர்க்கும் கோழிச்சாறு போன்றவற்றில் இருந்து வருவது. ஆனாலும் கறியைவிட பீலிக்கு விலை பல மடங்கு அதிகம். அதனால் சில நாட்டுக் கப்பல்களில் பீலியை மட்டும் வெட்டிக்கொண்டு, உயிரோடு சுறாவைக் கடலில் வீசும் பழக்கம் வந்தது. நீந்த முடியாத சுறா மூழ்கிச் செத்துப்போகும்.

இந்தியாவில் என்ன சட்டம்?

* 2001: வனவிலங்கு பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் எல்லா சுறா, திருக்கைகளும் சேர்க்கப்பட்டன. மீனவர்கள் கடுமையாக எதிர்க்கவே, அதே ஆண்டு டிசம்பரில் பட்டியல் 10 இனங்களாகக் குறைந்தது. திமிங்கலச் சுறா, வேளா மீன்கள் இதில் உண்டு.
* 2013: சுறாவை பீலியோடு முழுசாகத்தான் கரைக்குக் கொண்டுவர வேண்டும் என்று மத்திய அரசு கொள்கை வகுத்தது.
* 2015 பிப்ரவரி: எந்த இனமாக இருந்தாலும் சுறா பீலி ஏற்றுமதிக்கு முழுத் தடை.
* 2022: சட்டத் திருத்தத்தில் மேலும் பல இனங்கள் பட்டியலுக்கு வந்தன.

முதல் அட்டவணை இனத்தைப் பிடித்தால் 3 முதல் 7 ஆண்டு வரை சிறை, குறைந்தது 25,000 ரூபாய் அபராதம்.

ஏன் எல்லா பீலிக்கும் தடை?

வெட்டிக் காயவைத்த பீலியைப் பார்த்து அது எந்தச் சுறா என்று சொல்வது கஷ்டம். பெரும்பாலும் மரபணுச் சோதனைதான் கைகொடுக்கும். 'இது அனுமதிக்கப்பட்ட இனம்'னு சொல்லி அரிய இனத்தையும் கடத்திவிட முடியும்.

வெளிநாடுகளில்?

ஐரோப்பிய ஒன்றியம் 2013-ல், பீலியை வெட்டாமல் கரை சேர்க்கணும் என்பதை விதிவிலக்கின்றி கட்டாயமாக்கியது. கனடா 2019-ல் தனிப் பீலியின் இறக்குமதி, ஏற்றுமதியைத் தடை செய்தது. அமெரிக்கா 2022-ல் சில விலக்குகளோடு விற்பனையையே நிறுத்தியது. 2023-ல் பிரிட்டனும் தனிச் சட்டம் கொண்டுவந்தது.

மீனவர்களுக்கு என்ன சிக்கல்?

கன்னியாகுமரி மாவட்டம் தூத்தூர் மீனவர்கள் ஆழ்கடல் சுறா வேட்டையில் பேர் போனவர்கள். ஏற்றுமதித் தடைக்குப் பிறகு பீலியால் வந்த சட்டபூர்வமான வருமானம் நின்றுபோனது. வேறு மீனுக்கு விரிச்ச வலையில் தடை செய்யப்பட்ட சுறா தானாக மாட்டினாலும், கரைக்குக் கொண்டுவந்தால் வழக்கு வரலாம்.

மறுபக்கம், சுறா மெதுவாக வளரும், தாமதமாகவே பருவத்துக்கு வரும், குட்டிகளும் குறைவு. உலகின் சுறா, திருக்கை இனங்களில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் அழியும் ஆபத்தில் இருப்பதாக 2021-ல் வெளியான மதிப்பீடு சொல்கிறது. ஒருதடவை குறைந்தால் திரும்பப் பெருக பல வருஷம் ஆகும்.

அப்போ சுறா புட்டு சாப்பிடலாமா?

சாப்பிடலாம். பட்டியலில் இல்லாத இனமாக இருந்தால் பிடிப்பதும், உள்ளூரில் விற்பதும், சாப்பிடுவதும் குற்றம் இல்லை. ஆனால், பீலி மட்டும் நாட்டு எல்லையைத் தாண்டக் கூடாது.