சிப்பிமண்ணும் வலுவிழந்த வயலும்

முட்டை ஓட்டைப் பொடித்துச் செடிக்கு இடும் வழக்கம் கால்சியம் கார்பனேட் என்னும் ஒரே பொருளை நம்பியே நிற்கிறது. ஓட்டின் எடையில் ஏறத்தாழ 95 விழுக்காடு அதுவே. அப்பொருள் மண்ணில் செய்யும் வேலையை வயலிலேயே சோதித்துக் காட்டியவர்களுள் முதன்மையானவர் அமெரிக்காவின் வர்ஜீனியாவைச் சேர்ந்த எட்மண்ட் ரஃபின் (1794–1865).

பல தலைமுறைச் சாகுபடியால் வலுவிழந்த தம் நிலத்தில் தொழுவுரம் கொட்டியும் பலனில்லாமற்போகவே, மண்ணின் புளிப்பு, அதாவது அமிலத்தன்மை, அவ்வுரத்தை வேலை செய்யவிடாமல் தடுக்கிறது என்று ஹம்ப்ரி டேவியின் வேளாண் வேதியியல் நூலின் துணையால் ஊகித்த ரஃபின், அந்தப் புளிப்பை முறிக்க, மார்ல் எனப்படும், தொல்பழங்காலக் கடற்சிப்பிகள் செறிந்த சுண்ண மண்ணைத் தோண்டியெடுத்து, 1818-இல் புதிதாகத் திருத்திய வயலொன்றில் பரப்பினார். அங்கே மக்காச்சோள விளைச்சல் ஏறத்தாழ 40 விழுக்காடு கூடியது. மண்ணில் அமிலம் ஊற்றி, நுரைத்தெழும் கரியமில வாயுவை அளந்து, அதிலுள்ள சுண்ணத்தை, அதாவது கால்சியம் கார்பனேட்டை, கணிக்கும் முறையையும் அவர் கையாண்டார். (வினிகரில் இட்ட முட்டை ஓட்டிலிருந்து எழும் குமிழிகளும் இதே வாயுதான்.) கண்டறிந்தவற்றை 1832-இல் நூலாக வெளியிட்டார்.

ஆனால் குழியில் இறங்கி மண்வெட்டி பிடித்தவர் ரஃபின் அல்லர். அவர் அடிமைகளாக வைத்திருந்த கறுப்பின மக்களே அந்தக் கனத்த மண்ணை வெட்டிச் சுமந்தனர் என்பதை அவருடைய வேளாண் புகழ் பெரும்பாலும் மறைத்துவிடுகிறது. அடிமைமுறையைக் காக்கத் தென்மாநிலங்கள் அமெரிக்க ஒன்றியத்திலிருந்து பிரிந்தாக வேண்டும் என்று முழங்கியவர்களுள் அவரும் ஒருவர்.