குணசித்திர நடிகர் கர்ட் கெரோன்

திரைப்படத்தின் தலைவனையும் தலைவியையும் நினைவில் கொள்ளும் நாம், அவர்களைச் சூழ்ந்து நின்று கதைக்கு உயிரூட்டும் குணசித்திர நடிகர்களை எளிதில் மறந்துவிடுகிறோம். அத்தகையோருள் ஒருவரான ஜெர்மானிய நடிகர் கர்ட் கெரோனின் வாழ்க்கை, கலையின் சிறப்பை மட்டுமன்றி, அதிகாரத்தின் பிடியில் கலைஞன் படும் பாட்டையும் ஒருங்கே உணர்த்துவதாகும்.

1897ஆம் ஆண்டு மே 11ஆம் நாள், பெர்லின் நகரில் யூதக் குடும்பமொன்றில் அவர் பிறந்தார். முதல் உலகப் போரில் ஜெர்மனிக்காகப் போரிட்டுக் காயமுற்றார். மருத்துவக் கல்வியை விடுத்து மேடையை நாடிய அவருக்குப் பருத்த உடலும் கனத்த குரலுமே செல்வமாயின. 1928இல் பெர்டோல்ட் பிரெக்ட், கர்ட் வைல் இருவரும் படைத்த ‘மூன்று காசு இசைநாடகம்’ முதன்முதலாக அரங்கேறியபோது, காவல்துறைத் தலைவராக நடித்தவரும் தொடக்கப் பாடலைப் பாடியவரும் அவரே. 1930இல் வெளிவந்த ‘நீல தேவதை’ திரைப்படத்தில், மார்லின் டீட்ரிச் ஆடிப்பாடும் குழுவின் தலைவரான மாயவித்தைக்காரராகத் தோன்றினார். பின்னர்ப் படங்களை இயக்கவும் செய்தார்.

1933இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். நாட்டுக்காகக் குருதி சிந்தியவர் என்பதும் கெரோனைக் காக்கவில்லை. யூதர் என்பதால் படத்துறையினின்று விலக்கப்பட்ட அவர், நாட்டை விட்டு வெளியேறி இறுதியில் நெதர்லாந்தில் தங்கினார். 1940இல் அந்நாடும் ஜெர்மனியின் வயப்பட்டது. வெஸ்டர்போர்க் முகாமில் அடைக்கப்பட்ட அவர், 1944இல் செக் நிலப்பகுதியிலிருந்த தெரேசியன்ஸ்டாட் முகாமுக்கு அனுப்பப்பட்டார்.

பசியும் நோயும் மலிந்த அம்முகாமை இன்பநகராகக் காட்டும் படமொன்றை எடுக்குமாறு நாஜியர் அவரைப் பணித்தனர். 1944 ஆகஸ்டு, செப்டம்பர் திங்கள்களில் படப்பிடிப்பு நடைபெற்றது. காற்பந்தாட்டமும் இசைநிகழ்ச்சியும் நூலகமும் படமாயின. அது முடிந்தபின், ஒரு திங்களுக்குள் 18,000க்கும் மேற்பட்ட கைதிகள் அங்கிருந்து அவுஷ்விட்சுக்கு ஏற்றிச் செல்லப்பட்டனர். படத்தில் தோன்றியோர் பலரும் அவர்களுள் அடங்குவர். அக்டோபர் 28ஆம் நாள் புறப்பட்ட கடைசி வண்டியில் கெரோனும் அவர் மனைவியும் இருந்தனர். அங்குச் சென்றதும் அவர் கொல்லப்பட்டார். படத்தின் சில பகுதிகளே இன்று எஞ்சியுள்ளன.

பொய்க்குத் துணைநின்றார் என உடனிருந்த கைதிகள் சிலர் அவரைக் கடிந்ததுண்டு. அக்குறையை முற்றிலும் தள்ளிவிட இயலாது; அப்படம் உலகை ஏமாற்றுவதற்கென்றே திட்டமிடப்பட்டது. ஆயினும், மறுத்தால் சாவு என்னும் நிலையில் நின்றவனையும், ஆணையிட்டவனையும் ஒரே தராசில் நிறுத்தல் நீதியாகுமா? பொய்யை வகுத்தவர் வேறு, கருவியாக்கப்பட்டவர் வேறு. இவ்வேறுபாட்டை மறந்தால், கொலையாளியின் பழியில் ஒரு பங்கை நாமே கொலையுண்டவன் மீது சுமத்தியவராவோம்.

மாணவர்க்கும் இதில் ஒரு பாடம் உண்டு. கண்ணால் காணும் படமே மெய்ச்சான்று என நம்புதல் தகாது. அதனை எடுப்பித்தவர் யார், எதன் பொருட்டு எடுப்பித்தார், அதில் சிரிப்போர் பின்னர் என்னவாயினர் என்று வினவுதல் வேண்டும். எஞ்சிய அப்படத்துணுக்குகளை இவ்வினாக்களோடு நோக்கினால், நாஜியர் மறைக்க முயன்ற உண்மையை அவையே நமக்குக் காட்டிக் கொடுக்கும்.