தொண்ணூறு விநாடி

1989 மார்ச் 13, அதிகாலை 2:44. கனடாவின் கியூபெக் மாகாணத்தில் கரண்ட் போனது. அறுபது லட்சம் பேர், சுமார் ஒன்பது மணி நேரம் இருட்டில். மொத்த மின்கட்டமைப்பும் சரிய ஆன நேரம் ஏறக்குறைய 90 விநாடி.

காரணம் சூரியப் புயல். ஆனால் எனக்கு உறுத்துவது சூரியன் இல்லை.

புயல் மோதி பூமியின் காந்தப்புலம் குலுங்கியதும் நிலத்தில் மின்னோட்டம் பிறந்தது. கியூபெக்கின் அடியில் இருப்பது பழங்காலக் கடும்பாறை, மின்சாரத்தை லேசில் விடாது. நிலத்தில் வழி கிடைக்காத மின்னோட்டம், ஜேம்ஸ் வளைகுடா நீர்மின் நிலையங்களிலிருந்து தெற்கே மான்ட்ரியல் பக்கம் ஓடும் 735 கிலோவோல்ட் கம்பிகளில் ஏறிக்கொண்டது. டிரான்ஸ்ஃபார்மர்கள் திணறின, மின்னலையின் வடிவமே கோணியது. வோல்டேஜைத் தாங்கிப்பிடிக்க வைத்திருந்த ஏழு கருவிகள், தங்களைக் காப்பாற்றிக்கொள்ள ஒரு நிமிடத்துக்குள் ஒவ்வொன்றாகக் கழன்றுகொண்டன. முட்டுக்கால்களெல்லாம் விலகினால் பந்தல் நிற்குமா? வோல்டேஜ் விழுந்தது, லைன்கள் துண்டித்துக்கொண்டன, அவ்வளவுதான்.

கருவிகள் சொன்னபடிதான் நடந்தன. சொல்லப்பட்ட வரம்புதான் ரொம்ப இறுக்கமாக இருந்தது. பிறகு ஹைட்ரோ-கியூபெக் நிறுவனம் அந்த வரம்பை உயர்த்தியது. இந்த வகை மின்னோட்டத்தைத் தடுக்க, கம்பிகளுக்கு நடுவே தொடர் மின்தேக்கிகளையும் வைத்தது.

அந்தப் பழைய எண்ணை யாரோ ஒரு இன்ஜினியர், சாதாரணமான ஒரு நாளில், யோசித்துத்தான் போட்டிருப்பார். நானும் சர்வர்களுக்கு அப்படி எண்கள் போடுகிறவன்தான். எத்தனை விநாடி பொறுப்பது, எப்போது கைவிடுவது. பாதிக்கு மேல் குத்துமதிப்பு.