கிரீன்ஸ்டெட் தேவாலயம்

கிரீன்ஸ்டெட் தேவாலயம் இங்கிலாந்தின் எசெக்ஸ் மாவட்டத்தில், ஓங்கார் நகருக்கு அருகில் உள்ள கிரீன்ஸ்டெட் என்னும் சிற்றூரில் அமைந்துள்ள ஆங்கிலிக்கன் தேவாலயம் ஆகும். புனித அந்திரேயாவின் பெயரால் அமைந்த இத்தேவாலயம் செம்ஸ்ஃபோர்டு மறைமாவட்டத்தைச் சேர்ந்தது. இன்றுவரை நிலைத்திருக்கும் மரத் தேவாலயங்களில் உலகிலேயே மிகப் பழமையானதாக இது பொதுவாகக் கருதப்படுகின்றது. எனினும், இதன் மரச்சுவர்களின் வயது குறித்த கருத்து ஒருமுறை பெரிதும் மாற்றப்பட்டுள்ளது.

மரச்சுவர்

மக்கள் கூடும் நடுக்கூடத்தின் சுவர்களே இத்தேவாலயத்தின் சிறப்பு. ஓக் மரத்தின் அடிமரங்களை நீளவாக்கில் பிளந்து, ஒன்றையடுத்து ஒன்றாகச் செங்குத்தாக நிறுத்தி இச்சுவர்களை எழுப்பியுள்ளனர். பிளந்த மரங்களின் உருண்ட பக்கம் வெளியேயும் தட்டையாகச் செதுக்கப்பட்ட பக்கம் உள்ளேயும் உள்ளன. காற்றும் மழையும் இடுக்குகளின் வழியே நுழையாதிருக்க, மரங்களின் விளிம்புகளில் காடி வெட்டி, அடுத்தடுத்த இரு காடிகளுக்குள்ளும் பொருந்துமாறு மெல்லிய மரச்சட்டம் செருகப்பட்டுள்ளது. பழைய மரங்களில் 51 இன்றும் எஞ்சியுள்ளன.

காலம்

1960 ஆம் ஆண்டில் செய்யப்பட்ட கணிப்பு, இச்சுவர்கள் கி.பி. 845 ஐ ஒட்டியவை எனக் கூறியது. இக்கணிப்பு கிழக்கு ஆங்கிலியாவின் மன்னரான புனித எட்மண்டின் கதையுடன் நன்கு பொருந்தியது. 869 இல் டேனியர்களால் கொல்லப்பட்ட அம்மன்னரின் உடல், 1013 இல் இலண்டனிலிருந்து பரி செயின்ட் எட்மண்ட்சுக்குத் திரும்பக் கொண்டுசெல்லப்பட்டபோது இத்தேவாலயத்தில் வைக்கப்பட்டிருந்தது என்பது மரபுவழிச் செய்தி.

1995 இல் மேற்கொள்ளப்பட்ட மரவளைய ஆய்வு இதனை மாற்றியது. மரங்களில் எஞ்சியுள்ள ஆண்டு வளையங்கள் 1053 உடன் முடிகின்றன. வைரப் பகுதிக்கு வெளியே இருந்து அழிந்துபோன மென்மையான பகுதிக்காக 10 முதல் 55 ஆண்டுகளைக் கூட்டவேண்டும். எனவே மரங்கள் ஏறத்தாழ 1063 க்கும் 1108 க்கும் இடையில் வெட்டப்பட்டிருக்க வேண்டும். இக்கணிப்பின்படி, எட்மண்டின் உடல் இவ்வூரில் தங்கியிருந்தாலும், அது இன்றுள்ள சுவர்களுக்குள் தங்கியிருக்க இயலாது. ஆயினும் இதே இடத்தில் அதற்கு முன்பும் மரத்தாலான கட்டிடங்கள் இருந்தமைக்கான தடயங்கள் 1960 ஆம் ஆண்டு அகழாய்வில் கிடைத்துள்ளதால், மரபுச் செய்தியை முற்றிலும் தள்ளிவிடவும் முடியாது. 1066 இல் நார்மானியர் இங்கிலாந்தைக் கைப்பற்றியதால், சாக்சன் முறையில் அமைந்த இச்சுவர் நார்மானியர் ஆட்சியில் எழுந்ததாகவும் இருக்கலாம்.

பிற்கால மாற்றங்கள்

பலிபீடப் பகுதி 1500 ஐ ஒட்டிச் செங்கல்லால் திருத்திக் கட்டப்பட்டது. மேற்குப் பக்கத்தில் வெண்ணிறப் பலகைகள் வேய்ந்த மணிக்கோபுரம் உள்ளது. அதிலுள்ள மணி ஒன்றில் 1618 என்னும் ஆண்டு பொறிக்கப்பட்டுள்ளது. பழைய மரங்களைக் காத்ததில் பெரும்பங்கு 1848 இல் தொடங்கிய திருத்தப் பணிக்கு உரியது. அப்போது மரங்களின் மக்கிப்போன அடிப்பகுதிகள் வெட்டி நீக்கப்பட்டு, எஞ்சியவை செங்கல் அடித்தளத்தின்மீது நிறுத்தப்பட்டன. இதனால் இன்று காணும் சுவர் முன்பிருந்த உயரத்தில் இல்லை.

டால்படில் தியாகிகள்

தொழிற்சங்கம் அமைத்ததன் தொடர்பில் 1834 இல் ஆஸ்திரேலியாவுக்கு நாடுகடத்தப்பட்ட டால்படில் உழவுத் தொழிலாளர்களுள் சிலர், மன்னிப்புப் பெற்றுத் திரும்பியபின் இப்பகுதியில் குடியமர்ந்தனர். அவர்களுள் ஒருவரான ஜேம்ஸ் பிரைன், உடன் தண்டிக்கப்பட்ட தாமஸ் ஸ்டான்ஃபீல்டின் மகள் எலிசபெத்தை 1839 இல் இத்தேவாலயத்தில் மணந்தார். பின்னர் அவர்கள் கனடாவில் குடியேறினர்.