வலைச் செயலிகளில் அச்சிடும் வசதி

வலைச் செயலிகளில் அச்சிடும் வசதி என்பது உலாவியில் தோன்றும் பக்கத்தையோ அதன் ஒரு பகுதியையோ தாளில் அச்சிடத்தக்க வடிவில் ஜாவாஸ்கிரிப்ட் நிரலின் துணையுடன் அமைத்துத் தருவதைக் குறிக்கும். பற்றுச்சீட்டு, நுழைவுச்சீட்டு, சான்றிதழ், பட்டா நகல், வில்லங்கச் சான்று போன்றவை இன்று பெரும்பாலும் இவ்வழியிலேயே தாளுக்கு வருகின்றன. திரையில் பிழையின்றித் தெரியும் பக்கம் தாளிலும் பிழையின்றி வரும் என்பதற்கு உறுதி எதுவும் இல்லை. தமிழ் எழுத்துகள் இடம்பெறும் பக்கங்களில் இவ்வேறுபாடு கூடுதலாகக் காணப்படுகிறது.

வரலாறு

உலாவியின் அச்சு உரையாடல் பெட்டியை நிரலிலிருந்து திறக்கும் விண்டோ.பிரிண்ட் என்னும் செயற்கூறு 1997இல் வெளியான நெட்ஸ்கேப் நேவிகேட்டர் 4 உலாவியில் அறிமுகமானது. 1999இல் வெளியான இன்டர்நெட் எக்ஸ்புளோரர் 5 இதை ஏற்றுக்கொண்டதோடு, அச்சிடுவதற்கு முன்னும் பின்னும் நிகழும் பிஃபோர்பிரிண்ட், ஆஃப்டர்பிரிண்ட் என்னும் இரு நிகழ்வுகளையும் சேர்த்தது. பிற உலாவிகள் இந்நிகழ்வுகளை ஏற்கப் பல ஆண்டுகள் ஆயின: ஃபயர்பாக்ஸ் 2011இலும், குரோம் 2017இலும், சஃபாரி 2019இலும் ஏற்றன. தாளுக்கெனத் தனிப் பாணி எழுதும் வழியை 1998 மே மாதம் பரிந்துரையான சி.எஸ்.எஸ். 2 வகுத்தது.

தாளுக்கான பாணி

அச்சிடும் பணியின் பெரும்பகுதி ஜாவாஸ்கிரிப்டில் இல்லை, பாணித்தாளில்தான் உள்ளது. '@மீடியா பிரிண்ட்' என்னும் விதிக்குள் எழுதப்படும் பாணிகள் அச்சிடும்போது மட்டும் செயல்படும். பட்டியல், பொத்தான், விளம்பரம், தேடுபெட்டி ஆகியவற்றை இவ்விதிக்குள் மறைத்துவிடலாம். '@பேஜ்' என்னும் விதி தாளின் அளவையும் ஓரங்களையும் வரையறுக்கிறது. இந்தியாவில் பெரிதும் வழங்கும் ஏ4 தாள் 210 × 297 மில்லிமீட்டர் அளவுடையது. திரைக்குரிய பிக்சல் அளவுகளை விட்டுவிட்டு மில்லிமீட்டரிலும் பாயின்டிலும் எழுதுவது இங்கு நல்லது.

நீண்ட அட்டவணை அடுத்த பக்கத்துக்குச் செல்லும்போது, தலைப்பு வரிசை அதற்குரிய குறிக்குள் முறையாக எழுதப்பட்டிருந்தால் உலாவி அதை ஒவ்வொரு பக்கத்திலும் திரும்ப அச்சிடும். ஒரு வரிசை பாதியில் வெட்டுப்படாமலிருக்க 'பிரேக்-இன்சைடு' பண்பைப் பயன்படுத்தலாம். பக்க எண்ணைத் தாளின் ஓரத்தில் பாணித்தாள் வழியாகவே இடும் வசதி குரோமில் 2024இல், 131ஆம் பதிப்பில்தான் வந்தது.

உலாவிகள் இயல்பாகப் பின்னணி நிறங்களையும் பின்னணிப் படங்களையும் அச்சிடுவதில்லை. மை வீணாகாமலிருக்க இவ்வாறு செய்யப்பட்டுள்ளது. ஆனால் கருநீலப் பட்டையின்மேல் வெள்ளை எழுத்தில் தலைப்பு எழுதியிருந்தால் தாளில் அது சரியாகத் தெரியாமல் போகலாம். 'பிரிண்ட்-கலர்-அட்ஜஸ்ட்' பண்பால் இதை மாற்றலாம் எனினும், அச்சுக்கு வெள்ளைத் தாளில் கறுப்பு எழுத்தே போதுமானது.

பக்கத்தின் ஒரு பகுதியை மட்டும் அச்சிடல்

ஒரு பக்கத்திலுள்ள சீட்டை மட்டும் அச்சிட மூன்று முறைகள் வழக்கில் உள்ளன. முதலாவது, முழுப் பக்கத்தின் உள்ளடக்கத்தையும் நீக்கிவிட்டுச் சீட்டை மட்டும் அவ்விடத்தில் வைத்து அச்சிட்டபின் பழைய உள்ளடக்கத்தைத் திரும்ப இடுவது. இணையத்தில் அதிகம் படியெடுக்கப்படும் முறையும் அதிகம் தவறானதும் இதுவே. திரும்ப இடப்படும் உள்ளடக்கம் வெறும் எழுத்தாக வருவதால், பொத்தான்களோடு பிணைக்கப்பட்ட நிகழ்வுகள் அனைத்தும் அறுந்துபோகின்றன. படிவத்தில் பயனர் நிரப்பியிருந்தவையும் மறைகின்றன.

இரண்டாவது, புதிய சாளரம் திறந்து அதில் சீட்டை எழுதி அச்சிடுவது. பயனர் சொடுக்கிய உடனே திறக்காமல், வழங்கியின் மறுமொழி வந்த பின்னர் திறக்க முயன்றால் உலாவி அச்சாளரத்தைத் தடுத்துவிடக்கூடும். மூன்றாவது, கண்ணுக்குத் தெரியாத உட்சட்டகம் ஒன்றை உருவாக்கி, அதில் சீட்டை வைத்து, அச்சட்டகத்தின் அச்சுச் செயற்கூறை அழைப்பது. முதன்மைப் பக்கத்தை இது தொடுவதில்லையாதலால் பெரும்பாலான வேளைகளில் இதுவே பாதுகாப்பானது.

எம்முறையாயினும், எழுத்துருவும் படங்களும் முழுமையாக ஏற்றப்படும்வரை காத்திருந்தே அச்சிட வேண்டும். அரை விநாடி காத்திருக்குமாறு எழுதிவிடுவது பலர் செய்யும் குறுக்குவழி. வேகம் குறைந்த இணைப்பில் அது பயன் தராது. 'டாக்குமென்ட்.ஃபான்ட்ஸ்.ரெடி' என்பது நிறைவேறியதையும் ஒவ்வொரு படத்தின் 'லோட்' நிகழ்வையும் கவனித்து அழைப்பதே சரி.

தமிழ் எழுத்துகள் அச்சில்

ஒருங்குறி பரவுவதற்கு முன்னர்த் தமிழ்ப் பக்கங்கள் தகுதரம் எனப்படும் டிஸ்கி, தமிழ்நாடு அரசு 1999இல் ஏற்ற டாம், டாப் முதலிய குறியாக்கங்களில் எழுதப்பட்டன. உரிய எழுத்துரு கணினியில் இல்லாவிடில் திரையிலும் தாளிலும் பொருளற்ற குறிகளே தோன்றின. விண்டோஸ் 2000 லதா எழுத்துருவுடன் தமிழ் ஒருங்குறியை ஆதரித்தது. 2010 சூனில் கோவையில் நடந்த உலகத் தமிழ்ச் செம்மொழி மாநாட்டையொட்டித் தமிழ்நாடு அரசு ஒருங்குறியையும், அது இயலாத இடங்களில் பயன்படுத்த டேஸ் 16ஐயும் தரமாக ஏற்றது.

உலாவி நேரடியாக அச்சிடும்போது தமிழ் எழுத்துகள் சரியாகவே அமைகின்றன. திரையில் எழுத்தைக் கோக்கும் அதே பொறி தாளுக்கும் கோக்கிறது. சிக்கல் எழுவது, ஜாவாஸ்கிரிப்டிலேயே பி.டி.எப். கோப்பை உருவாக்கும்போதுதான். இதற்குப் பெரிதும் பயன்படும் ஜேஎஸ்பிடிஎப் நூலகத்தின் இயல்பான எழுத்துருக்களில் தமிழ் இல்லை. தமிழ் எழுத்துருவைப் பதித்தாலும், ஒருங்குறியில் மெய்க்குப் பின் சேமிக்கப்படும் கொம்பை முன்னே கொண்டுவரும் வேலையை அந்நூலகம் செய்வதில்லை. 'செல்வம்' என்ற பெயரில் கொம்பு சகரத்துக்குப் பின்னாலும் லகரத்துக்கு முன்னாலும் விழும். 'து' போன்ற உகர எழுத்துகள் தமக்குரிய கூட்டு வடிவம் பெறாமல் பிரிந்து நிற்கும். ஆங்கிலத்தில் மட்டும் சோதித்துப் பார்க்கும் நிரலருக்கு இது கண்ணில் படாது. நில ஆவணத்திலோ சாதிச் சான்றிலோ உரியவரின் பெயர் இவ்வாறு சிதைந்தால், அத்தாளைக் கொண்டு வங்கிக்கும் பள்ளிக்கும் செல்பவரே அதன் விளைவைச் சுமக்க நேரும்.

பக்கத்தைப் படமாக்கிக் கோப்பில் ஒட்டுவது சிலர் கையாளும் மாற்று. எழுத்து சரியாக வரும். ஆனால் அக்கோப்பில் தேடவோ படியெடுக்கவோ இயலாது, கோப்பின் அளவும் பெருகும். வழங்கியில் திரையின்றி இயங்கும் குரோம் உலாவியைக் கொண்டு, எடுத்துக்காட்டாக 2017இல் வெளியான பப்பட்டீர் வழியாக, பி.டி.எப். உருவாக்குவதே தமிழுக்கு ஏற்ற வழியாகும்.

எழுத்துகளை எண்ணுவதிலும் கவனம் தேவை. 'திருவண்ணாமலை' என்பது 7 எழுத்துகள் கொண்டது. ஜாவாஸ்கிரிப்ட் அதன் நீளத்தை 12 எனக் கூறும். குறுகிய பத்தியில் அடக்குவதற்காக 6 அலகுகளில் வெட்டினால் புள்ளி கழன்று 'திருவண' என்று நிற்கும். 'இன்டல்.செக்மென்டர்' என்னும் புதிய வசதி எழுத்தெழுத்தாகப் பிரித்துத் தரும். ஆயினும் 'க்ஷ', 'ஸ்ரீ' ஆகியவற்றை அதுவும் இரண்டாகவே எண்ணும். வரியுயரத்தைக் குறைத்து எழுதினால் 'கீ' யின் மேற்சுழியும் 'ணூ' வின் கீழ்ப்பகுதியும் வெட்டுப்படும் என்பதையும் கருத வேண்டும்.

எடுத்துக்காட்டு: தீபத் திருவிழா நுழைவுச்சீட்டு

திருவண்ணாமலை அருணாசலேசுவரர் கோயிலில் கார்த்திகைத் தீபத் திருவிழாவின் நிறைவு நாளில் அதிகாலை கோயிலுக்குள் பரணி தீபமும், மாலையில் 2668 அடி உயர மலையுச்சியில் மகா தீபமும் ஏற்றப்படுகின்றன. இவ்விரண்டையும் கோயிலுக்குள் இருந்து காண்பதற்கான கட்டணச் சீட்டுகள் அண்மை ஆண்டுகளில் இணையவழி விற்கப்பட்டுள்ளன. இத்தகைய சீட்டை அச்சிடும் பக்கம் ஒன்றை உருவாக்குவோர் எதிர்கொள்ளும் இடர்களை இங்கு காணலாம்.

வாயிலில் சரிபார்க்க உதவும் விரைவுத் தகவல் குறியை ஜாவாஸ்கிரிப்ட் நூலகங்கள் பெரும்பாலும் கேன்வாஸ் உறுப்பில் வரைகின்றன. சீட்டின் எச்.டி.எம்.எல். உரையை எடுத்து உட்சட்டகத்தில் இட்டால் கேன்வாஸ் உறுப்பு மட்டுமே செல்லும். அதில் வரையப்பட்ட குறி செல்லாது. பெயர், நாள், நேரம் எல்லாம் சரியாக இருக்க, குறி இருக்க வேண்டிய இடம் வெறுமையாக அச்சாகும். வெளியூரிலிருந்து வந்த பக்தர் இதை வாயிலில்தான் அறிவார். குறியைப் பின்னணிப் படமாக வைத்தாலும் முன்னர்க் கூறியவாறு அது அச்சாகாமல் போகலாம். எனவே கேன்வாஸைப் படமாக மாற்றியோ, எஸ்.வி.ஜி. வடிவில் வரைந்தோ இடவேண்டும். குறியின் பக்கம் 25 மில்லிமீட்டருக்குக் குறையாதிருப்பதும், சுற்றிலும் வெள்ளை ஓரம் விடுவதும் நலம். குறியின் அருகிலேயே சீட்டு எண்ணை எழுத்தாலும் தருவது மிக நலம்.

ஆஃப்டர்பிரிண்ட் நிகழ்வைக் கொண்டு 'சீட்டு அச்சிடப்பட்டுவிட்டது' எனப் பதிவு செய்வது தவறாகும். பயனர் உரையாடல் பெட்டியை மூடிவிட்டாலும், தாள் சிக்கிக்கொண்டாலும் அந்நிகழ்வு எழும். ஒருமுறை மட்டுமே அச்சிட அனுமதிக்கும் செயலிகள் இதனால் உரியவரையே தண்டிக்கின்றன. ஒரே சீட்டில் இருவர் நுழைவதைத் தடுக்கும் இடம் வாயிலிலுள்ள வருடியும் வழங்கியிலுள்ள பதிவுமே, அச்சுப்பொத்தான் அன்று. சீட்டிலுள்ள நாளையும் நேரத்தையும் பயனரின் கணினிக் கடிகாரத்திலிருந்து எடுக்காமல் வழங்கியிலிருந்து பெறவேண்டும். 2010இல் ஏற்கப்பட்ட ரூபாய்க் குறி பழைய எழுத்துருக்களில் வெறுங்கட்டமாக விழும், 'ரூ.' என எழுதினால் சிக்கலில்லை.

சீட்டை வீட்டில் அச்சிடுவோர் சிலரே. பலர் இ-சேவை மையத்திலோ ஜெராக்ஸ் கடையிலோதான் அச்சிடுகின்றனர். கோப்பாகப் பதிவிறக்கினால் அது கடைக் கணினியில் தங்கிவிடும். பெயரும் அடையாள எண்ணும் கொண்ட ஆவணமாயின் அதை அழிக்கச் சொல்லுதல் வேண்டும். பக்கத்திலிருந்து நேரே அச்சிட்டால் இத்தகைய கோப்பு எஞ்சுவதில்லை.

வெப்ப அச்சுப்பொறிகள்

அர்ச்சனைச் சீட்டு, பிரசாதக் கடைப் பற்றுச்சீட்டு போன்றவை 58 அல்லது 80 மில்லிமீட்டர் அகலச் சுருளில் அச்சிடப்படுகின்றன. அங்குலத்துக்கு 203 புள்ளிகள் கொண்ட பொறிகளில் ஒரு வரிக்கு முறையே 384, 576 புள்ளிகள் அமைவது வழக்கம். இப்பொறிகள் எப்சன் நிறுவனம் உருவாக்கிய ஈ.எஸ்.சி./பி.ஓ.எஸ். கட்டளைகளைப் பின்பற்றுகின்றன. விலை குறைந்த பல பொறிகளில் தமிழ் எழுத்துரு இல்லாததால், உரையைக் கேன்வாஸில் வரைந்து கறுப்பு வெள்ளைப் புள்ளிப்படமாக அனுப்புவதே வழி. அச்சு சற்று மெதுவாகும். ஒவ்வொரு சீட்டுக்கும் உரையாடல் பெட்டி தோன்றுவதைத் தவிர்க்கக் குரோமை 'கியாஸ்க்-பிரிண்டிங்' விருப்பத்துடன் தொடங்கலாம். குரோமிலுள்ள வெப்யூஎஸ்பி வழியாகவும் பொறியுடன் நேரே பேசலாம். விண்டோஸில் இதற்கு வேறு இயக்கி நிறுவ நேரிடும்.

வெப்பத்தாளில் அச்சான எழுத்து வெயிலிலும் சூட்டிலும் மங்கும். நெடுநாள் வைத்திருக்க வேண்டிய ஆவணங்களுக்கு இது ஏற்றதன்று.

கைபேசிகளில்

ஆண்ட்ராய்டு குரோமில் விண்டோ.பிரிண்ட் செயல்படும். ஆனால் பிற செயலிகளுக்குள் பதிக்கப்பட்ட வெப்வியூவில் அது எவ்விதப் பிழைச்செய்தியும் தராமல் வாளாவிருக்கும். அங்கு 2013இல் ஆண்ட்ராய்டு 4.4 உடன் வந்த அச்சு மேலாளரைச் செயலியின் தரப்பிலிருந்து அழைக்க வேண்டும். ஐபோன் சஃபாரியில் அச்சுப்பெட்டி திறந்திருக்கும்போதே அடுத்த வரிகள் இயங்கத் தொடங்கிவிடுவதால், அச்சிட்டவுடன் உட்சட்டகத்தை நீக்கும் நிரல் அங்கு வெற்றுத்தாளைத் தரக்கூடும்.