பஞ்சமி நிலம்: உரிமைத் தகராறுகளும் சட்டத் தீர்வுகளும்

பஞ்சமி நிலம் என்பது பிரிட்டிஷ் ஆட்சியில் சென்னை மாகாண அரசு ஒடுக்கப்பட்ட சாதியினருக்கு நிபந்தனையுடன் ஒப்படை செய்த நிலம். வருவாய்க் கணக்குகளில் இதற்கு டி.சி. (டிப்ரஸ்டு கிளாஸ், அதாவது ஒடுக்கப்பட்ட வகுப்பு) நிலம் என்று பெயர். சுமார் 12 லட்சம் ஏக்கர் இவ்வாறு வழங்கப்பட்டதாகப் பரவலாகச் சொல்லப்படுகிறது. அதில் பெரும்பகுதி இன்று பிறர் அனுபவத்தில் இருக்கிறது.

செங்கல்பட்டு மாவட்டத்தின் பொறுப்பு ஆட்சியராக இருந்த திரமென்ஹீர், 1891-இல் அங்கிருந்த பறையர்களின் நிலைமை குறித்து அரசுக்கு அறிக்கை அளித்தார். அப்போது தரிசு நிலத்துக்கு மனுப் போட்டால் மிராசுதாருக்கே முன்னுரிமை. பண்ணையாள் கேட்டால் மிராசுதாரின் ஆட்சேபம் குறுக்கே நிற்கும். குடியிருந்த மனையில்கூடப் பலருக்கு உரிமையில்லை. இந்த அறிக்கையின் தொடர்ச்சியாக 1892 செப்டம்பர் 30-இல், நிலம் ஒப்படை செய்வதற்கான 1010-ஆம் எண் அரசாணை பிறந்தது. ஒப்படை நிபந்தனைகள் பின்னர் வருவாய் நிலையாணைகளில் விரிவாக இடம்பெற்றன. முதல் 10 ஆண்டுகளுக்கு நிலத்தை விற்கவோ, அடமானம் வைக்கவோ, தானம் கொடுக்கவோ கூடாது. அதன் பிறகும் ஒடுக்கப்பட்ட சாதியினருக்கு மட்டுமே கைமாற்றலாம். மீறினால் அரசு நிலத்தைத் திரும்ப எடுத்துக்கொள்ளும்.

காகிதத்தில் காவல் பலமாக இருந்தும் நிலம் போனது. கடனுக்கு ஈடாகப் போனது, மிரட்டலில் போனது, நிபந்தனையைப் பற்றி ஒரு வரிகூட இல்லாத கிரயப் பத்திரங்களாகப் பதிவாகியும் போனது. 1980-களில் நடந்த நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டம் இன்னொரு அடி. பழைய 'அ' பதிவேட்டில் புல எண்ணுக்கு எதிரே இருந்த டி.சி. குறிப்பு பல கிராமங்களில் புதிய பதிவேட்டுக்கு வந்து சேரவில்லை. அனுபவத்தில் இருந்தவர் பெயருக்கே பட்டா ஏறியது. செங்கல்பட்டு அருகே காரணை கிராமத்தில் நிலமீட்புப் போராட்டம் வலுத்தபோது, 1994 அக்டோபர் 10-இல் போலீஸ் சுட்டதில் இருவர் இறந்தனர். பஞ்சமி நிலப் பிரச்சினை தமிழ்நாடு முழுவதும் பேசுபொருளானது அதன் பிறகுதான்.

நீதிமன்றத்தில் வாங்கியவர் தரப்பு வழக்கமாக இரண்டு வாதங்களை வைக்கிறது. விற்பனையை அடியோடு தடுக்கும் நிபந்தனை சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 10-ஆம் பிரிவுப்படி செல்லாது என்பது முதல் வாதம். இது எடுபடாது. 2018-இல் ரத்து செய்யப்பட்ட அரசு மானியங்கள் சட்டம், 1895-இன்படி அரசு கொடுத்த மானியம் அதன் வாசகப்படியே செல்லுபடியானது. சொத்துரிமை மாற்றுச் சட்டம் அதைக் கட்டுப்படுத்தவில்லை. இரண்டாவது வாதம் எதிரிடை அனுபோகம். இதுதான் கனமானது. தனியாருக்கு எதிராக 12 ஆண்டு அனுபவம் போதும். அரசுக்கு எதிராக 30 ஆண்டு வேண்டும். ஆகவே நிலம் யாருடையது என்ற கேள்வியோடு, எந்தத் தேதியிலிருந்து யாருக்கு எதிராகக் கணக்கு ஓடுகிறது என்பதும் வழக்கைத் தீர்மானிக்கிறது.

பட்டாவில் தவறு இருந்தால் முதலில் வருவாய்த் துறையை நாடலாம். பட்டா பாஸ்புத்தகச் சட்டம், 1983-இன்கீழ் வட்டாட்சியரின் உத்தரவின் மேல் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடும், மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வும் உண்டு. நிபந்தனை மீறப்பட்டிருந்தால், அனுபவத்தில் இருப்பவருக்கு அறிவிப்புக் கொடுத்து விசாரித்த பிறகே ஒப்படையை ரத்து செய்ய முடியும். விசாரணையில்லாத உத்தரவு உயர் நீதிமன்றத்தில் நிற்காது. பட்டா உரிமை ஆவணம் ஆகாது என்பதால் உரிமையை முடிவு செய்யும் இடம் உரிமையியல் நீதிமன்றம்தான். அங்கே உரிமையை அறிவிக்கக் கோரும் விளம்புகை வழக்கில் அரசையும் எதிர்வாதியாகச் சேர்த்தால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80-ஆம் பிரிவுப்படி இரண்டு மாத முன்னறிவிப்பு வேண்டும். அவசரமென்றால் நீதிமன்ற அனுமதியுடன் முன்பே தொடுக்கலாம். ரிட் மனுவில் உரிமைத் தகராறு தீராது. வருவாய்த் துறையிடம் கொடுத்த மனுவை விசாரித்து முடிக்கும்படி அதிகாரிக்கு உத்தரவு வாங்க மட்டும் அது உதவும். பட்டியல் சாதியினரின் நிலத்தை அந்தச் சாதிகளைச் சேராதவர் பறிப்பது 1989-ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின்கீழ் குற்றமும்கூட.

பக்கத்து மாநிலங்கள் இதற்கெனச் சட்டமே இயற்றின. ஆந்திரம் 1977-லும் கர்நாடகம் 1978-லும் ஒப்படை நில விற்பனையைத் தடை செய்து, மீட்புக்கான அதிகாரியையும் சட்டத்திலேயே குறித்தன. கர்நாடகச் சட்டம் செல்லும் என்று உச்ச நீதிமன்றம் 1984-இல் மஞ்சேகவுடா வழக்கில் தீர்ப்பளித்தது. நியாயமான காலத்துக்குள் மனுச் செய்ய வேண்டும் என்று 2017-இல் அதே நீதிமன்றம் கூற, காலவரம்பு கிடையாது என்று கர்நாடகம் 2023-இல் சட்டத்தைத் திருத்தியது. தமிழ்நாட்டில் பஞ்சமி நில மீட்புக்கெனத் தனிச்சட்டம் இல்லை.