நாரந்தனையும் வன்முறையின் சொற்களும்

2001ஆம் ஆண்டு நவம்பர் 28ஆம் நாள், பொதுத்தேர்தலுக்கு ஒரு வாரமே இருந்த வேளையில், ஊர்காவற்றுறைப் பகுதிக்குப் பிரசாரத்திற்குச் சென்ற தமிழ்த் தேசியக் கூட்டமைப்பினர் நாரந்தனையில் தாக்கப்பட்டனர். ஆதரவாளர் இருவர் கொல்லப்பட்டனர்; மாவை சேனாதிராசா உட்படப் பலர் காயமுற்றனர். 2016இல் யாழ்ப்பாண மேல்நீதிமன்றம், ஈழமக்கள் சனநாயகக் கட்சியைச் சேர்ந்த மூவரைக் குற்றவாளிகளெனக் கண்டு மரணதண்டனை விதித்தது.

இத்தகைய நிகழ்வை எச்சொல்லால் வழங்குகின்றோம் என்பது வெறும் நடைப் பிரச்சினையன்று. 'சம்பவம்' என்னுஞ் சொல்லிற் செய்தவர் இல்லை. அது மழைபோலத் தானே நிகழ்ந்ததாகத் தோன்றும். 'மோதல்' என்பது தாக்கியவரையும் தாக்கப்பட்டவரையும் ஒரே நிறையில் வைக்கும். 'கொலை' எனும்போதுதான் கொன்றவர் யார் என்னும் வினா எழுகின்றது. நீதிமன்றம் விசாரிப்பது அவ்வினாவையே.

தீவகம் இதனை முன்னரும் அறிந்தது. 1990 ஓகத்தில் இராணுவம் தீவுப் பகுதியைக் கைப்பற்றியபோது மண்டைதீவிலும் அல்லைப்பிட்டியிலும் கைதான இளைஞர் பலர் மீளவில்லை. அவர்கள் நெடுங்காலம் 'காணாமற்போனோர்' எனப்பட்டனர். 'போதல்' தன்வினை; போனவரே அதன் எழுவாய். எனவே தொலைந்த பொறுப்பும் அவர்மீதே விழுகின்றது. உறவினரோ 'வலிந்து காணாமலாக்கப்பட்டோர்' என்கின்றனர். இச்செயப்பாட்டு வினையிலும் செய்தவர் மறைந்தே நிற்கின்றார், ஆயினும் 'யாரால்?' என்று கேட்பதற்கு அது இடம் வைக்கின்றது. பதாகை ஏந்திய தாய்மார் செய்த இவ்விலக்கணத் திருத்தம் ஓர் அரசியற் செயலாகும்.

மறைக்கும் சொற்களை அரசு மட்டுமே ஆக்கியதெனக் கொள்வது நேர்மையாகாது. 1975 யூலை 27இல் யாழ்ப்பாண மேயர் அல்பிரட் துரையப்பா கொல்லப்படுமுன்னரே, மேடைகளில் அவர் 'துரோகி' எனப் பெயரிடப்பட்டிருந்தார். அச்சொல் குற்றச்சாட்டாகவும் தீர்ப்பாகவும் ஒருங்கே அமைந்தது. விசாரணைக்கு அங்கு இடமில்லை. பின்னர் வந்த 'களையெடுப்பு' மனிதரைப் பயிர்க்களையாக்கிற்று. களையைப் பிடுங்குவோனிடம் எவரும் நியாயம் கேட்பதில்லை. கொன்றவரும் கொல்லப்பட்டவரும் தமிழராயிருந்த நாரந்தனையை இவ்வழக்காற்றினின்று முற்றிலும் பிரித்து நோக்குதல் இயலாது.

ஆதலின், வன்முறையை எழுதும் ஆய்வாளன் ஒவ்வொரு வாக்கியத்திலும் எழுவாயைத் தேடுதல் வேண்டும். செய்தவர் எத்தரப்பினராயினும் அத்தேடல் ஒன்றாகவே இருத்தல் வேண்டும். தன் தரப்பின் கொலையைச் 'சம்பவம்' என்றும் மாற்றாரின் கொலையைப் 'படுகொலை' என்றும் எழுதுபவன் வரலாறு எழுதுபவன் அல்லன். வழக்கில் ஒரு தரப்பின் சாட்சியாகி விடுகின்றான்.